திருவிழா முடிந்த மறுநாள் காலை: புரட்சிக் கனவு பற்றிய படங்களை எப்படிப் பார்ப்பது?

தருமபுரியில் ஒரு சின்ன மாடி அறையில் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை படம் போடுகிறோம். வெள்ளையடித்த சுவர், இரவல் வாங்கிய புரொஜெக்டர், இருபது முப்பது பேர். பெரும்பாலும் கல்லூரிப் பிள்ளைகள். போன மாதம் அடூர் கோபாலகிருஷ்ணனின் 'முகாமுகம்' போட்டோம். 1984-ல் வந்த மலையாளப் படம், தலைமறைவாகிப் பல வருஷம் கழித்துத் திரும்பி வருகிற ஒரு தொழிற்சங்கத் தலைவரின் கதை. முடிந்து விளக்கைப் போட்டதும் கொஞ்ச நேரம் யாரும் வாயைத் திறக்கவில்லை. அப்புறம் வரலாறு இரண்டாமாண்டு படிக்கும் தம்பி ஒருவன் கேட்டான்: "அப்போ புரட்சியெல்லாம் வேணாம், போய் வீட்டைப் பாருங்கன்னுதான் இந்தப் படம் சொல்லுதா அண்ணா?"

பக்கத்தில் இருந்த பெண் உடனே மறுத்தாள். "அப்படி இல்லடா. கட்சிக்காரங்க எல்லாம் கெட்டுப் போயிட்டாங்கன்னு சொல்லுது."

இந்த இரண்டு பதிலும் எனக்குப் பழக்கமானவை. இளைஞர்களின் புரட்சிக் கனவையும் அது கலைவதையும் சொல்கிற படம் எதைப் போட்டாலும், பேச்சு இந்த இரண்டில் ஒன்றில்தான் போய் நிற்கும். ஒன்று, கனவு காண்பதே தப்பு. இல்லையென்றால், கனவு நல்லதுதான், யாரோ துரோகம் செய்துவிட்டார்கள். நல்ல படங்கள் இரண்டையும் சொல்வதில்லை என்பது என் எண்ணம். அவை என்ன செய்கின்றன என்பதை, இந்த வகைப் படம் ஒன்றுகூடப் பார்க்காதவருக்கும் புரிகிற மாதிரி சொல்லிப் பார்க்கிறேன்.

அரசியல்வாதி வந்தால் அரசியல் படமா?

வெள்ளை வேட்டி, கொடி கட்டிய கார், மேடைப் பேச்சு மூன்றும் இருந்துவிட்டால் அதை அரசியல் படம் என்று சொல்லிவிடுகிறோம். குழப்பம் பாதி இங்கேயே ஆரம்பித்துவிடுகிறது.

ஏரிப் பாசனத்தை நினைத்துக்கொள்ளுங்கள். கடைமடைக்காரருக்குத் தண்ணீர் வரவில்லை. மடை திறக்கிற ஆள் காசு வாங்கிக்கொண்டு வேண்டியவர்களுக்கு மட்டும் திறந்துவிடுகிறான் என்று வைத்துக்கொள்வோம். அவனுக்கு நாலு அறை விட்டு, நல்லவன் ஒருவனை அந்த இடத்தில் நிறுத்தினால் தண்ணீர் வந்துவிடும். படம் சுபம். ஆனால் வாய்க்காலே கடைமடைக்குப் போய்ச் சேராத மாதிரி வெட்டியிருந்தால்? எந்த நல்லவன் வந்து திறந்தாலும் தண்ணீர் பாதி வழியில் நின்றுவிடும். முதல் கதையைச் சொல்வது அரசியல்வாதி பற்றிய படம். இரண்டாவது கதையைச் சொல்வதைத்தான் அரசியல் படம் என்கிறோம். அதிகாரம் எந்த வழியாக ஓடுகிறது, எங்கே தேங்குகிறது, யாருக்கு வந்து சேர்வதே இல்லை என்று காட்டுகிற படம் அது.

நம் மாவட்டத்தையே களமாக வைத்து ராஜுமுருகன் எடுத்த 'ஜோக்கர்' (2016) இதற்குக் கைக்கெட்டிய உதாரணம். வீட்டில் ஒரு கழிப்பறை வேண்டும், அவ்வளவுதான் மல்லிகாவின் ஆசை. திட்டம் இருக்கிறது, பணம் ஒதுக்கியிருக்கிறார்கள், விழாவும் நடக்கிறது. அரைகுறையாகக் கட்டிய கழிப்பறை அவள் மேலேயே இடிந்து விழுகிறது. அதற்கப்புறம்தான் அவள் புருஷன் மன்னர் மன்னன் தன்னை ஜனாதிபதி என்று அறிவித்துக்கொண்டு ஆணை மேல் ஆணை போடுகிறான். இந்தக் கதையில் வில்லன் யார் என்று யோசித்துப் பாருங்கள். ஒரே ஒருவரை விரல் நீட்டிச் சொல்ல முடியாது. வாய்க்கால் முழுக்கக் கசிகிறது.

துருப்பிடித்த பெயர்ப்பலகை

அடுத்த சொல் லட்சியவாதம். உலகம் இப்படியே இருக்க வேண்டியதில்லை, நாம் சேர்ந்தால் மாற்றலாம் என்று முழுசாக நம்பி, அந்த நம்பிக்கைக்காகச் சொந்தக் காரியத்தைத் தள்ளி வைப்பதுதான் லட்சியவாதம். இந்தத் தள்ளி வைப்பதை மறந்துவிடக்கூடாது. காபி குடித்துக்கொண்டே நாட்டைத் திருத்துவது வேறு விஷயம்.

எங்கள் ஊர் பென்னாகரம் பக்கம். எனக்கு இருபது வயதிருக்கும்போது ஏழு பேர் சேர்ந்து இளைஞர் மன்றம் ஆரம்பித்தோம். ஏரிக்கு வரும் வாய்க்கால் தூர்ந்துபோய்க் கிடந்தது. இரண்டு இடத்தில் ஆக்கிரமிப்பு வேறு. ஞாயிறுதோறும் மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு போனோம். அடுத்த மழைக்கு ஏரியில் இடுப்பளவு தண்ணீர் ஏறியது. அன்றைக்கு ராத்திரி கரை மேல் உட்கார்ந்து தவளைச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தோம், ஒருவரும் வீட்டுக்குப் போகவில்லை. நாங்கள் நினைத்தால் எதுவும் நடக்கும் என்று அன்றைக்கு நிஜமாகவே நம்பினேன்.

பிறகு ஆக்கிரமிப்பை எடுக்கச் சொல்லி ஒரு நாள் சாலையை மறித்தோம். வழக்கு போட்டார்கள். ஏழு பேர் மேலும் அதே பிரிவுகள்தான். ஆனால் எல்லாருக்கும் அந்த வழக்கு ஒரே கனமாக இல்லை. ஒருவனுக்கு மாமா வக்கீல். இரண்டு பேர் ஓசூரில் கம்பெனி வேலைக்குப் போனார்கள், ஒருவன் பெங்களூருக்குக் கட்டட வேலைக்கு. இன்னொருவனுக்கு ஒரு கட்சியில் பொறுப்பு கிடைத்தது. நான் மேல்படிப்புக்குச் சேலம் போனேன். போலீஸ் வேலைக்கென்று விடிகாலையில் ஓடி ஓடிப் பயிற்சி எடுத்துக்கொண்டிருந்தவன் மட்டும், எல்லாத் தேர்வும் முடிந்து, வழக்கு நிலுவையில் இருக்கிறது என்ற ஒரு வரியில் நின்றுபோனான். இப்போது பாலக்கோட்டிலிருந்து தக்காளி லோடு ஓட்டுகிறான். என்னைப் பார்த்தால் வண்டியை நிறுத்தி டீ வாங்கிக் கொடுப்பான். ஏரியைப் பற்றி மட்டும் பேசமாட்டான்.

மன்றத்தின் பெயர்ப்பலகை பஸ் நிறுத்தத்துக்குப் பின்னால் இன்னும் இருக்கிறது. தகரம் துருவேறி, என் பெயர் இருந்த வரி உதிர்ந்துவிட்டது. அவன் பெயர் கீழ் ஓரத்தில், புங்க மர நிழல் விழுகிற இடத்தில், நீலப் பெயின்டில் அப்படியே தெரிகிறது.

இதை ஏன் இவ்வளவு நீட்டிச் சொன்னேன் என்றால், இந்த வகைப் படங்களின் எலும்புக்கூடு இதுதான். கோபம், கூடுதல், பெயர் வைத்தல், முதல் வெற்றி, முதல் அடி, கலைதல். கலையும்போது எல்லாரும் ஒரே இடத்தில் போய் விழுவதில்லை.

சுதீர் மிஸ்ரா இந்தியில் எடுத்த 'ஹஸாரோன் க்வாயிஷேன் ஐசி' (2003) படத்தைப் பார்த்தபோது எங்கள் ஏழு பேரையும்தான் நினைத்துக்கொண்டேன். டெல்லிக் கல்லூரியில் படிக்கும் மூன்று பேர். சித்தார்த் நீதிபதி வீட்டுப் பிள்ளை. புரட்சி செய்வதற்காக பீகார் கிராமத்துக்குப் போகிறான். விக்ரம் நடுத்தர வீட்டுப் பையன். கொள்கை கிள்கை எல்லாம் வேண்டாம், மேலே ஏறினால் போதும் என்கிறவன். கீதா இருவருக்கும் நடுவில். கடைசியில் நடப்பதைப் பாருங்கள். சித்தார்த் வெளிநாட்டுக்குப் படிக்கக் கிளம்பிவிடுகிறான். எந்தப் புரட்சியிலும் சேராத விக்ரம், சித்தார்த்துக்காக அங்கே போய், போலீஸிடம் அடிபட்டு மூளை கலங்கிப் போகிறான். கிராமத்திலேயே தங்கிவிடுகிறவள் கீதா. கனவு கண்டது ஒருவன், விலை கொடுத்தது இன்னொருவன், மிச்ச வேலையைத் தலையில் தூக்கிக்கொண்டது மூன்றாவது ஆள்.

இதுவரை வந்த தூரம் இவ்வளவுதான்: அரசியல் படம் வாய்க்காலின் அமைப்பைக் காட்டுகிறது. லட்சியவாதம் என்பது அந்த வாய்க்காலை மாற்ற இறங்குவது. இறங்கியவர்கள் எல்லாரும் ஒரே விலை கொடுப்பதில்லை.

ஏமாற்றம் வேறு, விரக்தி வேறு

கனவு கலைவதைச் சொல்ல நம்மிடம் நிறையச் சொற்கள் புழங்குகின்றன. எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறோம்.

ஏமாற்றம் என்றால் யாரோ ஏமாற்றியிருக்க வேண்டும். கே. பாலசந்தரின் 'அச்சமில்லை அச்சமில்லை' (1984) அப்படி. நேர்மையானவன் என்று நம்பிக் கட்டிக்கொண்ட உலகநாதன் அரசியலில் இறங்கிக் கொஞ்சம் கொஞ்சமாக அழுகுவதை மனைவி தேன்மொழி பக்கத்திலிருந்தே பார்க்கிறாள். கடைசியில் அவளே அவனைக் கொல்கிறாள். அருமையான படம். ஆனால் அங்கே கனவு கெடவில்லை, ஆள்தான் கெட்டான்.

விரக்தி என்றால் எதுவும் மாறாது என்று கையை விரித்துவிடுவது. டீக்கடையில் தினமும் கேட்கலாம்.

மூன்றாவது ஒன்று இருக்கிறது. அதற்கு மயக்கம் தெளிதல் என்று சொல்வதுதான் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. நாம் நம்பியதில் எது நிஜம், எது நாமே ஏற்றிக்கொண்ட போதை என்று பிரித்துப் பார்க்கிற நிலை அது. தெளிகிறபோது தலை வலிக்கும், வாய் கசக்கும். ஆனால் கண்ணுக்கு எதிரே இருப்பது முன்னைவிடத் துல்லியமாகத் தெரியும். தெளிந்தவன் எழுந்து வீட்டுக்கும் போகலாம், திரும்பவும் வேலைக்கும் போகலாம்.

மிருணாள் சென் 1973-ல் எடுத்த வங்காளிப் படம் 'பதாதிக்' இதைத்தான் நிதானமாகக் காட்டுகிறது. போலீஸ் வேனிலிருந்து தப்பிய புரட்சி இயக்கத்து இளைஞன் சுமித், கல்கத்தாவில் வசதியான ஒரு பெண்ணின் அடுக்குமாடி வீட்டில் ஒளிந்திருக்கிறான். வெளியே போக முடியாது. ஓடிக்கொண்டிருந்தவரை யோசிக்க நேரமில்லை. இப்போது நேரம் மட்டும்தான் இருக்கிறது. தலைமை எடுத்த முடிவுகள் சரிதானா என்று கேட்க ஆரம்பிக்கிறான். கேள்வி கேட்பதே துரோகம் என்கிறது இயக்கம். அவனுடைய அப்பா பழைய காலத்து ஆள், சாதாரண வேலையில் இருப்பவர். வேலைநிறுத்தத்தில் சேரமாட்டேன் என்று ஒரு தாளில் கையெழுத்துப் போடச் சொல்லி அவரைக் கேட்டிருக்கிறார்கள். படத்தின் முடிவில், நான் கையெழுத்துப் போடவில்லை என்று மகனிடம் மெதுவாகச் சொல்கிறார். மகன் அதுவரை மதிக்காத மனுஷன். புரட்சி எங்கே இருக்கிறது என்று தேடிக்கொண்டிருந்தவனுக்கு அது தன் வீட்டுக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்தது தெரிகிற இடம் அது. மயக்கம் தெளிவது தோல்வி இல்லை என்பதற்கு இதைவிட நல்ல காட்சி எனக்குத் தெரியாது.

மறுநாள் காலை

நம் பக்கம் திரௌபதியம்மன் திருவிழாவில் பாரதக் கூத்து நடக்கும். துரியோதனன் படுகளம், அப்புறம் தீமிதி. அந்த ராத்திரி ஊரே வேறு ஊராக இருக்கும். மறுநாள் காலையில் திடலுக்குப் போயிருக்கிறீர்களா? பந்தல்கால் பிடுங்கிய குழிகள். மிதிபட்ட பூ. மண்ணால் செய்து படுக்கவைத்த துரியோதனன் பாதி கரைந்து, எது கை எது கதாயுதம் என்று தெரியாமல் கிடப்பான். கொஞ்ச நாள் கழித்து வேப்ப மரத்தடியில் திருவிழாக் கணக்கு வாசிப்பார்கள். யார் எவ்வளவு கொடுத்தார்கள், மைக் செட்டுக்கு எவ்வளவு பாக்கி, யார் தருகிறேன் என்று சொல்லித் தரவில்லை.

புரட்சியைப் பற்றிய படங்களில் பெரும்பாலானவை திருவிழா ராத்திரியோடு முடிந்துவிடும். 'ரங் தே பசந்தி' (2006) அப்படிப்பட்ட படம். டெல்லி இளைஞர்கள் பகத்சிங் காலத்து வீரர்களாக நடிக்கப் போய், அமைச்சரைக் கொன்று, வானொலி நிலையத்தைப் பிடித்து, அங்கேயே சுடப்பட்டுச் செத்துப் போகிறார்கள். பார்க்கும்போது எனக்கும் மயிர்க்கூச்செறிந்தது, மறைக்க மாட்டேன். ஆனால் இருபத்து மூன்று வயதில் செத்துப் போகிறவனுக்கு நாற்பது வயது வருவதில்லை. அவன் கனவு பழசாவதற்கு முன்னால் படம் அதைக் கண்ணாடிச் சட்டத்துக்குள் மாட்டிவிடுகிறது.

நாம் பேசுகிற படங்கள் மறுநாள் காலையில் ஆரம்பிக்கின்றன. அவை கணக்கு வாசிக்கிற படங்கள். திருவிழாக் கணக்கு வாசிப்பதால் சாமி இல்லை என்று ஆகிவிடுமா? அடுத்த வருஷம் திருவிழா வேண்டாம் என்று அர்த்தமா? அந்தத் தம்பி கேட்ட கேள்விக்கு என் பதில் பாதி இதில் இருக்கிறது. ஒரு படத்தைப் பார்த்து முடித்ததும், இதில் மறுநாள் காலை உண்டா என்று கேட்டுப் பாருங்கள். பல குழப்பம் தீரும்.

கர்ணன் திரும்பி வரமாட்டான்

சரி, இந்தக் கணக்கைப் படம் எப்படி வாசிக்கிறது? திரும்பவும் கூத்துத் திடலுக்கே போவோம். கர்ண மோட்சக் கூத்தில் மனைவி பொன்னுருவி தடுக்கிறாள், கர்ணன் போருக்குக் கிளம்புகிறான். அவன் திரும்ப மாட்டான் என்று முன்வரிசையில் தூங்கி வழிகிற குழந்தைக்குக்கூடத் தெரியும். கர்ணனுக்கு மட்டும்தான் தெரியாது. அவன் நெஞ்சை நிமிர்த்துகிற ஒவ்வொரு அடவும் அதனாலேயே நமக்கு வலிக்கிறது.

இந்தப் படங்களில் ஒவ்வொன்றுக்கும் இரண்டு காலம் இருக்கிறது. கதைக்குள் ஓடுகிற காலம் ஒன்று. அதைக் கதைக்காலம் என்போம். படம் உருவான காலம் இன்னொன்று. அது எடுத்த காலம். இரண்டுக்கும் நடுவில் இருக்கிற இடைவெளிதான் படத்தின் தொனியை முடிவு செய்கிறது.

'ஹஸாரோன்' கதை 1969-ல் ஆரம்பித்து நெருக்கடி நிலை முடிகிற 1977 வரை போகிறது. எடுத்தது கால் நூற்றாண்டு கழித்து. மேற்கு வங்கத்தின் நக்சல்பாரியில் 1967-ல் விவசாயிகள் எழுந்ததும், தலைவர் சாரு மஜும்தார் 1972-ல் போலீஸ் காவலில் இறந்ததும், 1975-ல் நெருக்கடி நிலை வந்ததும் பார்வையாளருக்குத் தெரியும். சித்தார்த் சிகரெட்டை ஊதிக்கொண்டு நாளைக்கே எல்லாம் மாறிவிடும் என்று பேசும்போது நாம் பொன்னுருவி மாதிரி உட்கார்ந்திருக்கிறோம்.

இடைவெளி இல்லாமல் எடுத்த படங்களின் சுவையே வேறு. பிரெஞ்சு இயக்குநர் கோதார் 1967-ல் 'லா ஷினுவாஸ்' எடுத்தார். விடுமுறைக்கு இரவல் கிடைத்த ஒரு பாரிஸ் வீட்டில் ஐந்து இளைஞர்கள் சீனத் தலைவர் மாவோவின் சிவப்புப் புத்தகங்களை அடுக்கி வைத்துக்கொண்டு புரட்சிப் பாடம் படிக்கிறார்கள். அடுத்த ஆண்டு மே மாதம் பாரிஸ் மாணவர்கள் நிஜமாகவே தெருவில் இறங்கினார்கள். படம் எடுத்தபோது கோதாருக்கு அது தெரியாது. தெரியாததால்தான் படத்தில் கிண்டலும் ஆர்வமும் பிரிக்க முடியாமல் கலந்து கிடக்கின்றன. விடுமுறை முடிந்ததும் வீட்டுக்காரர்கள் திரும்பி வந்துவிடுகிறார்கள் என்பதையும் அவர் மறக்காமல் வைத்தார்.

சத்யஜித் ரேயின் 'பிரதித்வந்தி' (1970) பக்கத்திலேயே நின்று எடுத்த இன்னொரு படம். வேலை தேடும் சித்தார்த்தாவிடம் நேர்காணலில் கேட்கிறார்கள்: கடந்த 10 ஆண்டுகளில் நடந்த முக்கியமான நிகழ்ச்சி எது? வியட்நாம் போர் என்கிறான். நிலவில் மனிதன் இறங்கியதைவிடவா? ஆமாம், நிலவில் இறங்குவது எதிர்பார்க்கக் கூடியதுதான், வியட்நாமின் எளிய மக்கள் எதிர்த்து நின்ற விதம் யாரும் எதிர்பாராதது என்கிறான். நீ கம்யூனிஸ்டா என்று அடுத்த கேள்வி வருகிறது. வேலை போச்சு. அவனுடைய தம்பிதான் புரட்சிக்காரன். சித்தார்த்தாவுக்கு யோசனைதான் அதிகம். கடைசியில் சின்ன ஊர் ஒன்றுக்கு மருந்து விற்பனை வேலைக்குப் போய்ச் சேர்கிறான். கல்கத்தா எரிந்துகொண்டிருக்கும்போதே எடுத்ததால் ரே எந்தத் தீர்ப்பும் எழுதவில்லை.

எந்தப் படம் பார்த்தாலும் கதைக்காலத்தையும் எடுத்த காலத்தையும் ஒரு துண்டுத் தாளில் குறித்துக்கொள்ளுங்கள் என்று எங்கள் அறைக்கு வருபவர்களிடம் சொல்வேன். முக்கால்வாசி விவாதம் அதிலேயே தெளிந்துவிடும்.

யார் கண்ணால் பார்க்கிறோம்?

கேமரா யாருடைய அறிவையும் உணர்ச்சியையும் ஒட்டி நிற்கிறதோ, அதைப் பார்வைக்கோணம் என்கிறோம். இந்த வகைப் படங்களில் மிக ஆழமானவை புரட்சி செய்தவனின் தோளை விட்டுவிட்டு, வீட்டில் மிஞ்சியவரின் தோளுக்குப் பக்கத்தில் வந்து நிற்கின்றன.

கேரளத்தில் நெருக்கடி நிலையின்போது, 1976 மார்ச்சில், கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் பிடித்துக்கொண்டு போனது. அவர் திரும்பவே இல்லை. அப்பா ஈச்சரவாரியர் கடைசிவரை மகனைத் தேடிக்கொண்டும் வழக்கு நடத்திக்கொண்டும் இருந்தார். அந்த நிகழ்ச்சியின் நிழலில் ஷாஜி என். கருண் எடுத்த படம் 'பிறவி' (1988). அதில் சித்திரவதை அறை காட்டப்படவில்லை. கோஷம் இல்லை. ஒரு கிழவர் தினமும் பஸ் நிற்கும் இடத்துக்கு வருகிறார். இன்றைக்கு வருவான் என்று நிற்கிறார். பஸ் போய்விடுகிறது. மழை பெய்கிறது. திரும்பிப் போகிறார். மறுநாளும் வருகிறார். பிரேம்ஜி என்ற நாடக நடிகர் அந்தக் கிழவராக வாழ்ந்தார். சிறந்த நடிகருக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது.

மகாஸ்வேதா தேவியின் நாவலை வைத்து கோவிந்த் நிஹலானி இந்தியில் எடுத்த 'ஹஸார் சௌராசி கி மா' (1998) ஒரு அம்மாவின் கதை. பிணவறையில் மகன் வெறும் எண், 1084. அந்த எண்ணின் அம்மாவாக நிற்கும்போதுதான், வீட்டில் சோறு போட்டு வளர்த்த பிள்ளையைத் தனக்குத் தெரியவே தெரியாது என்று அவளுக்கு உறைக்கிறது. செத்த பிறகு மகனைத் தெரிந்துகொள்ளக் கிளம்புகிறாள்.

'அம்ம அறியான்' (1986) இதையே பயணமாக மாற்றியது. இறந்துபோன இளைஞனின் அம்மாவிடம் செய்தியைச் சொல்ல வேண்டும் என்று ஒருவன் கிளம்புகிறான். வழியில் நண்பர்கள் ஒவ்வொருவராகச் சேர்ந்துகொள்ள, கூட்டம் பெருகிக்கொண்டே போகிறது. எடுத்தவர் ஜான் ஆபிரகாம். தமிழில் 'அக்ரகாரத்தில் கழுதை' தந்தவர். 'அம்ம அறியான்' படத்துக்குப் பணம் போட்டது தயாரிப்பாளர் இல்லை. ஒடேசா என்ற அமைப்பாக நண்பர்கள் சேர்ந்து ஊர் ஊராகப் படம் காட்டி, மக்களிடம் கை நீட்டி வாங்கிய சில்லறையில் எடுத்தார்கள். அந்தத் தகவலைத் தெரிந்துகொண்டு பார்த்தால் ஒவ்வொரு சட்டகமும் வேறு மாதிரி தெரியும். கலைந்த கனவைப் பற்றிய படத்தை இன்னொரு கூட்டுக்கனவால் எடுத்திருக்கிறார்கள்.

தமிழில் 'விடுதலை' முதல் பாகத்தில் (2023) வெற்றிமாறன் எதிர்த் திசையிலிருந்து இதைச் செய்தார். புரட்சிக்காரரான பெருமாள் வாத்தியாரைத் தேடும் படையில் இருக்கும் கடைநிலைக் காவலர் குமரேசனின் கண்ணால் நாம் பார்க்கிறோம். இங்கே மயக்கம் தெளிவது சீருடை போட்டவனுக்கு.

சுருக்கமாகப் பிடித்துக்கொள்ள மூன்று கேள்விகள் கையில் இருக்கின்றன: மறுநாள் காலை உண்டா, இரண்டு காலங்களுக்கும் நடுவே எவ்வளவு தூரம், யார் கண்ணால் பார்க்கிறோம்.

தூங்கிக்கொண்டே இருக்கும் தலைவர்

இப்போது 'முகாமுகம்' படத்துக்கு வருவோம். முதல் பாதியில் ஸ்ரீதரன் ஓட்டுத் தொழிற்சாலைத் தொழிலாளர்களைச் சங்கமாகச் சேர்க்கிறார். மெலிந்த உடம்பு, தீர்க்கமான கண், குறைந்த பேச்சு. முதலாளி கொலையானதும் தலைமறைவாகிறார். 10 ஆண்டு கழித்து ஒரு நாள் திரும்பி வருகிறார். இதற்குள் 1964-ல் கம்யூனிஸ்ட் கட்சி இரண்டாகப் பிளந்துவிட்டது. ஊரே ஓடி வருகிறது. அவர் என்ன செய்கிறார்? தூங்குகிறார். எழுந்தால் குடிக்கிறார். யார் எதைக் கேட்டாலும் பதில் இல்லை. இரண்டு கட்சிக்காரர்களும் வந்து உட்கார்ந்து பார்க்கிறார்கள். தொழிலாளி வருகிறான், மனைவி பார்க்கிறாள், மகன் பார்க்கிறான். அவர் புரண்டு படுக்கிறார். ஒரு நாள் கொலையாகிக் கிடக்கிறார். உடனே இரண்டு கட்சியும் ஒன்றாகச் சேர்ந்து அவர் படத்தைத் தூக்கிக்கொண்டு ஊர்வலம் போகின்றன.

அந்த 10 ஆண்டு எங்கே இருந்தார், என்ன ஆனார் என்று அடூர் சொல்லவே இல்லை. கேரளத்தில் இந்தப் படம் கம்யூனிஸ்டுகளுக்கு எதிரானது என்று பெரிய சண்டை நடந்தது. எங்கள் அறையில் அந்தப் பெண் சொன்னதும் அதுதான். ஆனால் திரும்பப் பாருங்கள். ஸ்ரீதரன் கெட்டுப்போனதாகப் படம் எங்கும் சொல்லவில்லை. களைத்துப்போயிருக்கிறார். அவரைச் சுற்றி நிற்பவர்களுக்குத்தான் அந்தக் களைப்பைத் தாங்க முடியவில்லை. அவர்களுக்கு வேண்டியது பழைய ஸ்ரீதரன். சுவரில் மாட்டுவதற்கு ஏற்ற ஸ்ரீதரன். படத்தின் பெயருக்கு நேருக்கு நேர் என்று அர்த்தம். தன் கனவை ஒரு மனுஷன் தலையில் ஏற்றிவிட்டுத் தான் சும்மா இருந்துவிட்ட ஒரு ஊர், அந்த மனுஷனை நேருக்கு நேராகப் பார்க்கிறது. மயக்கம் தெளிய வேண்டியது தூங்குகிறவருக்கு இல்லை.

சிறை வாசலில் ஒருவர்

இதெல்லாம் மலையாளத்திலும் வங்காளத்திலும்தானா என்று கேட்டால், நம்மிடம் 1961-லேயே ஒன்று இருக்கிறது. பி.ஆர். பந்துலுவின் 'கப்பலோட்டிய தமிழன்'. தேசபக்திப் படம் என்று ஆகஸ்ட் 15-க்கு மட்டும் எடுத்துத் தூசி தட்டுகிறோம். அதன் பிற்பாதியைத் தனியாகப் பாருங்கள். 1908-ல் வ.உ.சி.யும் 23 வயது சுப்பிரமணிய சிவாவும் கைதாகிறார்கள். செக்கிழுப்பும் கல்லுடைப்பும் போகட்டும். 1912-ல் வ.உ.சி. விடுதலையாகி வெளியே வருகிறார். திரண்டு வந்து தோளில் தூக்க வேண்டிய கூட்டம் எங்கே? நோயில் உருக்குலைந்த ஒருவர் நிற்கிறார். அது சிவா. சிறையில் தொழுநோய் பிடித்திருக்கிறது. வ.உ.சி.யாக சிவாஜியும் சிவாவாக டி.கே. சண்முகமும். கப்பல் கம்பெனி போய்விட்டது, கூட்டம் போய்விட்டது, நண்பனின் முகம் போய்விட்டது. மறுநாள் காலை என்று இவ்வளவு நேரம் நான் சொன்னது அந்த வாசல்தான்.

அந்த சிவா கடைசியில் வந்து சேர்ந்தது நம் பாப்பாரப்பட்டிக்கு. நோயைக் காரணம் காட்டி ரயிலில் ஏறக்கூடாது என்று வெள்ளைக்கார அரசு தடுத்தது. நடந்தும் மாட்டு வண்டியிலும் ஊர் ஊராகப் போனார். பாப்பாரப்பட்டியில் பாரதமாதா கோயில் கட்ட நினைத்தார். 1923-ல் வங்கத் தலைவர் சித்தரஞ்சன் தாஸ் வந்து அடிக்கல் நாட்டினார். 1925 ஜூலை 23 அன்று, கோயில் எழும்பாமலே, 40 வயதில் சிவா இறந்தார். இப்போது அங்கே அவருக்கு மணிமண்டபம் இருக்கிறது. படம் பார்த்த சூட்டோடு பிள்ளைகளை அங்கே கூட்டிக்கொண்டு போவது எங்கள் வழக்கம்.

இன்னும் எடுக்க வேண்டிய படம்

தருமபுரிக்காரர்களுக்கு இந்தப் பேச்சு வெறும் சினிமாப் பேச்சு இல்லை. 1970-களின் பிற்பகுதியில் அன்றைய தருமபுரி, வட ஆற்காடு மாவட்டங்களில் நக்சல்பாரி வழியை நம்பிய இளைஞர்கள் கிராமங்களில் வேலை செய்தார்கள். டீக்கடை இரட்டைக் குவளைக்கும் கந்துவட்டிக்கும் எதிராக நின்றார்கள். ஆயுதத்தையும் நம்பினார்கள், இரண்டு பக்கமும் உயிர் போனது. 1980-ல் போலீஸ் நடவடிக்கையில் பலர் கொல்லப்பட்டார்கள். நாயக்கன்கொட்டாயில் அந்த இயக்கத்தைச் சேர்ந்த அப்பு, பாலன் இருவரின் சிலையும் நிற்கிறது. சாதி பார்க்காமல் ஊர்ப் பிள்ளைகளும் காலனிப் பிள்ளைகளும் சேர்ந்து நின்ற இடம் அது. 2012 நவம்பரில் அதே நாயக்கன்கொட்டாயை ஒட்டிய நத்தம் காலனி உட்பட மூன்று தலித் குடியிருப்புகள் கொளுத்தப்பட்டன.

1980-லிருந்து 2012 வரை 32 ஆண்டு. நடுவில் என்ன நடந்தது, எது கரைந்தது, யார் எங்கே போனார்கள்? அந்தக் கணக்கை வாசிக்கிற ஒரு படம் தமிழில் வர வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாளாக ஆசை. அன்றைக்கு அறையைப் பூட்டிக்கொண்டு இறங்கும்போது இதைச் சொன்னேன். முதலில் கேள்வி கேட்ட அந்தத் தம்பிக்கு நாயக்கன்கொட்டாய்ப் பக்கம்தான் ஊர். படியில் நின்றான்.

"அதை யார் கண்ணால எடுக்கணும் அண்ணா?"

நீயே சொல் என்றேன்.

"எங்க ஆயா கண்ணால எடுக்கலாம். ராத்திரி வருவாங்களாம். அஞ்சு பேருக்குக் களி கிண்டிப் போட்டிருக்கு ஆயா. அதுல ரெண்டு பேர் பேருதான் அதுக்குத் தெரியும். மத்த மூணு பேர் யாருன்னு இன்னிக்கும் கேட்டுக்கிட்டே இருக்கு."